ஒரு பதிவேடு காத்த சேமக்காலை

யுத்தம் ஓய்ந்தபின் ஊர் திரும்பும் கமக்காரனுக்கு முதலில் வேண்டியவை விதையும், வேலியும், கிணறும் ஆகும். ஆனால் காணிக்குள் கால் வைத்ததுமே அவன் முன் வந்து நிற்கும் வேறொரு கேள்வியும் உண்டு. இந்த மண்ணுக்குள் கிடப்பவர்கள் யார்? அவர்களைத் தேடி எங்கோ ஒரு தாய் காத்திருக்கிறாளா? இந்தக் கேள்விக்கு விடை காணாமல் எந்தச் சமூகமும் மன அமைதியோடு ஏர் பூட்டியதில்லை.

ஐக்கிய அமெரிக்காவின் தென் மாநிலங்களில் ஒன்றான ஜோர்ஜியா இக்கேள்வியை ஏறத்தாழ 160 ஆண்டுகளுக்கு முன்னர் எதிர்கொண்டது. 1861 முதல் 1865 வரை அந்நாட்டின் வட மாநிலங்களும் தென் மாநிலங்களும் ஒன்றோடொன்று மோதிக்கொண்டன. கறுப்பின மக்களை அடிமைகளாக வைத்திருக்கும் முறையே இம்மோதலின் அடிவேராக இருந்தது. 6 இலட்சத்துக்கும் அதிகமான படையினர் மடிந்தனர். அவர்களுள் பல்லாயிரம் பேர் ஜோர்ஜியாவின் செம்மண்ணில் புதைந்து கிடக்கின்றனர். அந்த மாநிலத்தின் சேமக்காலைகள் சிலவற்றின் கதையை இங்கு தருகின்றோம். அது படைகளின் கதையன்று. இறந்தவனின் பெயர் தொலைந்துவிடக் கூடாது என்று உழைத்த சாதாரண மனிதர்களின் கதை.

பைன் மரவேலிக்குள் ஒரு நகரம்

ஜோர்ஜியாவின் தென்மேற்கே அன்டர்சன்வில் என்றொரு சிறு கிராமம். 1864ஆம் ஆண்டின் தொடக்கத்தில் புகையிரத நிலையமும் ஒருசில வீடுகளுமே அங்கு இருந்தன. கைப்பற்றப்பட்ட வடபகுதிப் படையினரை அடைத்துவைக்கத் தென்பகுதி அரசு அவ்விடத்தைத் தெரிவு செய்தது. சுற்றிவரப் பைன் மரக்குற்றிகளை நெருக்கமாக நாட்டி உயர்ந்த மதில் எழுப்பப்பட்டது. மரம் தறித்து, கிடங்கு வெட்டி, குற்றி சுமந்தவர்கள் அயலிலுள்ள பண்ணைகளிலிருந்து கொண்டுவரப்பட்ட கறுப்பின அடிமைகளே.

சுமார் 10,000 பேருக்கென அமைக்கப்பட்ட முகாம் அது. முதலில் பதினாறரை ஏக்கராக இருந்து பின்னர் இருபத்தாறரை ஏக்கராக விரிக்கப்பட்டது. அந்த இடத்துக்குள் 1864 ஓகஸ்டில் 32,000க்கும் அதிகமானோர் அடைபட்டிருந்தனர். கூரை கிடையாது. கந்தைப் போர்வைகளையும் தடிகளையும் கொண்டு அவர்களே குடில் கட்டிக்கொண்டனர். அதற்கும் வழியற்றவர்கள் மண்ணில் குழி தோண்டி அதற்குள் படுத்தனர். நடுவே ஓடிய சிற்றோடை ஒன்றே தண்ணீருக்கு வழி. அதன் மேற்பக்கத்தில் காவலர்களின் பாளயமும் சமையற்கூடமும் இருந்தன. அங்கிருந்து வந்த கழிவு கலந்த நீரையே கைதிகள் குடித்தனர். அதே ஓடையின் கீழ்ப்பக்கமே அவர்களுக்கு மலகூடமாகவும் இருந்தது.

இத்தகைய இடத்தில் என்ன நடக்கும் என்பதை அகதி முகாம் வாழ்வை அறிந்த எமது வாசகர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. வயிற்றோட்டமும் வயிற்றுளைவும் பரவின. மரக்கறியும் பழமும் கிடையாததால் முரசு வீங்கிப் பற்கள் கழன்று விழும் ஸ்கேவி நோய் கண்டது. 1864 ஓகஸ்ட் மாதத்தில் மட்டும் ஏறத்தாழ 3,000 பேர் இறந்தனர். நாளொன்றுக்கு நூறு பேரளவில். அம்முகாம் இயங்கிய 14 மாதங்களில் அங்கு அடைக்கப்பட்டோர் சுமார் 45,000 பேர். அவர்களில் ஏறத்தாழ 13,000 பேர் திரும்பவில்லை. காவல் நின்ற தென்பகுதிப் படையினரிலும் பலரை அதே நோய்கள் கொண்டுபோயின. அசுத்த நீர் இன்னார் இந்தப் பக்கத்தவர் என்று பார்ப்பதில்லை.

இலக்கத்துக்கு ஒரு பெயர்

இறந்தவர்களை வண்டியிலேற்றி முகாமுக்கு வடக்கேயுள்ள நிலத்துக்குக் கொண்டு சென்றனர். சவப்பெட்டி இல்லை. நீண்ட கிடங்குகள் வெட்டி, தோளோடு தோள் ஒட்டியபடி கிடத்தி மண்ணால் மூடினர். புதைத்தவர்களும் கைதிகளே. ஒவ்வொருவரின் தலைமாட்டிலும் இலக்கமிட்ட சிறு கட்டை நாட்டப்பட்டது. முதலாம் இலக்கக் குழியில் கிடப்பவர் நியூயோர்க் குதிரைப்படை வீரர் ஒருவர். சில மாதங்களின் பின் அவருடைய சகோதரரும் அதே முகாமில் இறந்தார். அவருடைய கல்லறையின் இலக்கம் 4,005. சகோதரர் இருவருக்கும் இடையில் நாலாயிரம் சடலங்கள்.

கட்டையில் இருந்தது இலக்கம் மட்டுமே. அந்த இலக்கத்துக்கு உரியவர் யார் என்பது வைத்தியசாலைப் பதிவேட்டில் இருந்தது. அதனை எழுதும் வேலை 1864 யூன் மாதத்தில் டொரன்ஸ் அட்வாட்டர் என்ற இளம் கைதியிடம் கொடுக்கப்பட்டது. கனெக்டிகட் மாநிலத்தைச் சேர்ந்த அவருக்கு அப்போது 19 வயது. இறந்தவரின் பெயர், படையணி, இறந்த திகதி, நோய், புதைகுழி இலக்கம் என்பவற்றை அவர் நாள்தோறும் எழுதினார். எழுதும்போதே அவருக்கு ஒரு அச்சம் எழுந்தது. யுத்தம் முடிந்ததும் இந்தப் பதிவேடு மறைக்கப்பட்டால் இத்தனை பேரின் குடும்பங்களுக்கும் யார் பதில் சொல்வது? எனவே எவருக்கும் தெரியாமல் இரண்டாவது பிரதி ஒன்றை எழுதத் தொடங்கினார். 1865இன் முற்பகுதியில் விடுதலையானபோது அதனைத் தமது மேலங்கியின் உட்துணிக்குள் மறைத்து வெளியே கொண்டுவந்தார்.

கடிதங்களுக்குப் பதில் தேடிய பெண்

அதே காலத்தில் கிளாரா பார்ட்டன் என்ற பெண்மணி வாஷிங்டனில் காணாமற் போன படையினரைத் தேடும் பணியை ஆரம்பித்திருந்தார். யுத்தகளத்தில் காயமடைந்தோரைப் பராமரித்துப் பெயர் பெற்றவர் அவர். பின்னர் 1881இல் அமெரிக்கச் செஞ்சிலுவைச் சங்கத்தை நிறுவியவரும் அவரே. காணாமற் போனோரின் பெயர்ப்பட்டியல்களை அச்சிட்டு ஊரூராக அனுப்பி, விபரம் தெரிந்தவர்கள் எழுதுமாறு கேட்டார். அப்பட்டியலைக் கண்ட அட்வாட்டர், அதிலுள்ள பலரின் முடிவு தம் கையிலுள்ள ஏட்டில் இருப்பதாக அவருக்கு எழுதினார்.

1865 யூலையில் கப்டன் ஜேம்ஸ் மூர் என்பவரின் தலைமையில் அரசாங்கம் ஒரு குழுவை அன்டர்சன்வில்லுக்கு அனுப்பியது. தச்சர்களும் பெயர் எழுதுவோரும் அதிலிருந்தனர். பார்ட்டனும் அட்வாட்டரும் உடன் சென்றனர். வைத்தியசாலைப் பதிவேடுகளையும் அட்வாட்டரின் ஏட்டையும் வைத்துக்கொண்டு, இலக்கம் இலக்கமாகப் பார்த்து, ஒவ்வொரு தலைமாட்டிலும் பெயர் எழுதிய பலகையை நாட்டினர். ஓகஸ்ட் 17ஆம் திகதி வேலை நிறைவேறியது. ஏறத்தாழ 13,000 குழிகளில் 460 மட்டுமே பெயர் தெரியாதவையாக எஞ்சின. அந்த யுத்தத்தில் இறந்து தேசிய சேமக்காலைகளில் வைக்கப்பட்ட வடபகுதிப் படையினர் 3 இலட்சத்துக்கும் அதிகமானோர். அவர்களுள் ஏறத்தாழப் பாதிப்பேருக்குப் பெயரில்லை. இதனோடு ஒப்பிட்டால் ஒரு பதிவேட்டின் பெறுமதி விளங்கும்.

அங்கு தங்கியிருந்த நாட்களில், அயற் பண்ணைகளிலிருந்து விடுதலையான கறுப்பின மக்கள் பல மைல் நடந்து பார்ட்டனைத் தேடி வந்தனர். தாம் உண்மையிலேயே விடுதலை பெற்றுவிட்டோமா, தாம் செய்யும் வேலைக்குக் கூலி உண்டா என்று அவர்கள் கேட்டனர். முகாமின் மதிலை எழுப்பியவர்களும் அந்த மக்களே என்பதை நாம் மறத்தலாகாது. பின்வந்த ஆண்டுகளில், கல்லறைகளுக்கு மலர் சூட்டும் நாளில் பெருந்திரளாக இச்சேமக்காலைக்கு வந்தவர்களும் அவர்களே.

நல்லது செய்தவருக்குக் கிடைத்தது

பெயர்களைக் காத்த அட்வாட்டருக்கு நேர்ந்தது வேறு. ஏடு தமக்கே உரியது, குடும்பங்கள் அறியும்படி அதனை அச்சிட வேண்டும் என்று அவர் நின்றார். அது அரசாங்கத்தின் சொத்து என்றனர் அதிகாரிகள். அவர் அதனைத் தம்மிடம் எடுத்துக்கொண்டபோது களவுக் குற்றம் சாட்டி, இராணுவ நீதிமன்றத்தில் நிறுத்தி, 18 மாதக் கடூழியச் சிறை விதித்தனர். எதிரியின் சிறையிலிருந்து மீண்டவர் தன் அரசின் சிறைக்குச் சென்றார். சுமார் இரண்டு மாதங்களின் பின் ஜனாதிபதியின் மன்னிப்பில் வெளிவந்தார். 1866 பெப்ரவரியில் நியூயோர்க் பத்திரிகை ஒன்று அப்பட்டியலை 25 சத விலையில் சிறுநூலாக வெளியிட்டது. அதன்பின் பட்டியல் எவருடைய அலுமாரிக்குள்ளும் பூட்டப்படக் கூடியதாக இருக்கவில்லை.

பார்ட்டனின் அலுவலகம் 1868 வரை இயங்கியது. 63,000க்கும் மேற்பட்ட கடிதங்களைக் கையாண்டு, 22,000க்கும் அதிகமானோருக்கு என்ன நேர்ந்தது என்பதைக் கண்டறிந்து சொன்னது.

தோற்றவர்களின் இறந்தோர்

அரசாங்கம் தேடி எடுத்துப் புதைத்தது வடபகுதிப் படையினரை மட்டுமே. தென்பகுதியின் பிள்ளைகள் விழுந்த இடத்திலேயே விடப்பட்டனர். அவர்களைச் சேர்த்தெடுக்கும் பொறுப்பு அவ்வூர்ப் பெண்களின் தலையில் விழுந்தது.

வட ஜோர்ஜியாவில் ரெசாக்கா என்ற ஊரில் 1864 மே மாதத்தில் பெரும் சமர் நடந்தது. சமருக்கு முன் வெளியேறிய கிறீன் குடும்பத்தினர் திரும்பி வந்தபோது, தமது தோட்டமெங்கும் தென்பகுதிப் படையினர் அரைகுறையாகப் புதைக்கப்பட்டிருக்கக் கண்டனர். அவ்வீட்டு மகள் மேரி கிறீன், வீட்டில் வேலை செய்த கறுப்பினப் பெண்களின் உதவியோடு முதலில் சிலரைப் பூந்தோட்டத்திலேயே அடக்கம் செய்தார். பின்பு மாநிலமெங்கும் பெண்களுக்கு எழுதிப் பணம் திரட்டினார். தந்தையார் இரண்டரை ஏக்கர் காணியைக் கொடுத்தார். 1866 ஒக்டோபரில் நானூறுக்கும் மேற்பட்டோருடன் அச்சேமக்காலை திறக்கப்பட்டது. அவர்களில் பெரும்பாலானோரின் பெயர் எவருக்கும் தெரியாது. இங்கே மனம் இருந்தது, காணி இருந்தது, உழைப்பு இருந்தது. ஏடு மட்டும் இருக்கவில்லை.

மரியெட்டா நகரில் ஹென்றி கிறீன் கோல் என்பவர் வேறொரு வழியை முயன்று பார்த்தார். இரு பகுதியாரையும் ஒரே நிலத்தில் அடக்கம் செய்தால் பகை தணியும் என்று நம்பித் தமது காணியில் 24 ஏக்கரைக் கொடுக்க முன்வந்தார். இரு பகுதியாருமே சம்மதிக்கவில்லை. முடிவில் அக்காணி வடபகுதியாரின் தேசிய சேமக்காலையாயிற்று. 10,000க்கும் மேற்பட்டோர் அங்கு கிடக்கின்றனர். தென்பகுதியாரில் 3,000க்கும் மேற்பட்டோர் அதே நகரின் மற்றொரு சேமக்காலையில் கிடக்கின்றனர். வடபகுதியாருக்காகப் போரிட்டு மடிந்த கறுப்பினப் படையினருக்கோ, தேசிய சேமக்காலைகளுக்குள்ளும் பெரும்பாலும் தனிப் பகுதியே ஒதுக்கப்பட்டது. உயிரோடிருந்தவர்களின் பிரிவினை மண்ணுக்குள்ளும் தொடர்ந்தது.

கல்லறையும் கொடியும்

நாளடைவில் கல்லறைகளைச் சுற்றி வேறு நோக்கங்களும் வளர்ந்தன. முகாமின் பொறுப்பதிகாரி ஹென்றி வேர்ஸ் 1865 நவம்பர் 10ஆம் திகதி வாஷிங்டனில் தூக்கிலிடப்பட்டார். 1909இல் தென்பகுதிப் பெண்கள் சங்கமொன்று அவருக்கு அன்டர்சன்வில் கிராமத்தின் நடுவே தூபி எழுப்பியது. அட்லாண்டா நகரின் ஓக்லண்ட் சேமக்காலையில் சுமார் 3,000 பெயரறியாத் தென்பகுதிப் படையினர் கிடக்குமிடத்தில் 1894இல் ஒரு கற்சிங்கம் வைக்கப்பட்டது. அடிமை முறைக்காகப் போரிட்ட அரசைப் போற்றும் சின்னம் இது என்ற கண்டனம் வலுத்து, சிங்கமும் பலமுறை சேதமாக்கப்பட்ட பின், 2021இல் அது அகற்றப்பட்டது. அடியிலுள்ள கல்லறைகளை எவரும் அகற்றவில்லை.

இந்த வேறுபாடு ஊன்றி நோக்கத்தக்கது. சிலைகளைப் பற்றிய வழக்கு ஒன்றரை நூற்றாண்டாகியும் தீரவில்லை. ஆனால் பெயர் பொறித்த கல்லின்மீது வழக்கு இல்லை. அன்டர்சன்வில்லின் மரப்பலகைகளுக்குப் பதிலாக 1870களில் சலவைக்கற்கள் நாட்டப்பட்டன. உடல்கள் தோளோடு தோள் கிடப்பதால் கற்களும் ஒன்றையொன்று தொடுமளவுக்கு நெருங்கி நிற்கின்றன. இன்று அங்கே 20,000க்கும் மேற்பட்ட கல்லறைகள் உள்ளன. தமது கொள்ளுப்பாட்டனின் பெயரைத் தேடி இன்றும் குடும்பங்கள் வருகின்றன. இலக்கத்தைச் சொன்னால் இடத்தைக் காட்டுகிறார்கள்.

நாம் எடுத்துக்கொள்ளக்கூடியது

இக்கதையில் பெரிய படையோ பெரிய பணமோ வேலை செய்யவில்லை. ஒரு பேனா, சில தாள்கள், எழுதுவதை ஒருநாளும் விடாத ஒரு இளைஞன். அவ்வளவுதான். அவர் எழுதியவை மிகச் சில விபரங்கள்: பெயர், அவர் சேர்ந்த இடம், இறந்த நாள், காரணம், புதைத்த இடத்தின் அடையாளம். எழுதியதை ஒரே இடத்தில் வைக்காமல் இரண்டாவது பிரதி எடுத்தார். அதனைப் பலர் கைக்குக் கொண்டுசேர்க்கும்வரை அவர் ஓயவில்லை.

இறந்தவரையும் காணாமற் போனவரையும் மனதில் சுமந்து வாழும் குடும்பங்கள் எமது வாசகரிடையே பல உள்ளன. பெரியவர்களின் நினைவில் இருக்கும் விபரங்கள் அவர்களோடு மறைந்துவிடும். இன்னாரை இந்த மரத்தடியில், இந்த வரம்போரத்தில், இந்த நாளில் புதைத்தோம் என்பதைப் பிள்ளைகளின் கொப்பியில் ஒரு பக்கத்திலாவது எழுதி வையுங்கள். இரண்டு பிரதி எழுதுங்கள். ஒன்றை வேறொரு வீட்டில் வையுங்கள். காணியின் உறுதியைப் பாதுகாப்பது போல இதனையும் பாதுகாத்துக்கொள்ளுங்கள். ரெசாக்காவின் பெண்களுக்கு அந்த ஒரு பக்கம் கிடைக்கவில்லை.