தாட்பாவையும் வழிநூல் மரபும்

ஓர் இலக்கியம் தான் தோன்றிய காலத்தோடு நின்றுவிடாது பிற்காலத்தார் நெஞ்சிலும் வாழ்தற்கு இரு வழிகள் உள. அந்நூலே மீண்டும் மீண்டும் பயிலப்பெறுதல் ஒன்று. வேறு வடிவங்களாக மாறிப் பரவுதல் மற்றொன்று. நாடகம், கதைச் சுருக்கம், ஓவியம், திரைப்படம் என்னும் மாற்று வடிவங்களை ஆய்வாளர் உரிய மதிப்போடு நோக்குவர். தாளில் அச்சிட்டு, வண்ணந்தீட்டி, கத்தரிக்கோலால் வெட்டியெடுக்கும் பாவை வடிவமோ சிறுவர் விளையாட்டு எனக் கருதி ஒதுக்கப்படுவது இயல்பு. இதனைத் தாட்பாவை என ஈண்டு வழங்குவோம். பத்தொன்பதாம் நூற்றாண்டில் இங்கிலாந்திலும் அமெரிக்காவிலும் எழுந்த தாட்பாவைகள் பேரிலக்கியங்களை எவ்வாறு கையாண்டன என்பதையும், அவற்றை அளந்தறிய நம் இலக்கணம் தரும் கருவி யாது என்பதையும் இக்கட்டுரையில் ஆராய்வோம்.

1. அளவுகோல்

தழுவல் என்பது நம் இலக்கணத்தார்க்குப் புதியதன்று. தொல்காப்பியர் மரபியலில் நூலை முதல், வழி என இரண்டாகப் பகுத்து, வழிநூலைத் தொகுத்தல், விரித்தல், தொகைவிரி, மொழிபெயர்ப்பு என நான்காக வகுத்தார். பின்வந்த பவணந்தியார் சார்புநூல் என மூன்றாவதொன்றையும் கூட்டினார். முதல்நூலின் முடிபோடு ஒத்துச் சென்று, பின்னோன் வேண்டிய வேறுபாடுகளையும் கொள்வது வழிநூல் என்பது நன்னூலின் கருத்து. எத்துணை மாற்றம் செய்தாலும் முடிபு ஒத்தல் வேண்டும் என்பதே இதன் உயிர்நாடி.

முடிபு என்பதனைக் கதையின் இறுதி நிகழ்ச்சி என்று மட்டும் கொள்ளாது, நூல் நிலைநாட்ட முற்பட்ட பொருள் எனக் கொள்வோமாயின், இவ்வளவுகோல் சொல்லாலாய நூலுக்கேயன்றித் தாளாலாய பாவைக்கும் பொருந்தும். பாவை வடிவம் நூலின் உருவை எளிதில் கவர்ந்துகொள்கிறது. அதன் முடிபையும் உடன் கொண்டுவருகிறதா என்பதே வினா.

2. ஒரு தலையும் பல உடையும்

1810ஆம் ஆண்டில் இலண்டன் மாநகரில் எஸ். அண்டு ஜே. ஃபுல்லர் என்னும் பதிப்பகத்தார் 'சிறுமி ஃபானியின் வரலாறு' என்னும் சிறு நூலை வெளியிட்டனர். செய்யுளாலாய கதை ஒன்றும், அதனுடன் கத்தரித்த தாளுருவங்களும் அதில் அடங்கியிருந்தன. தலை ஒன்று, உடைகளோ பல. கதையின் ஒவ்வொரு நிலைக்கும் உரிய உடையில் அத்தலையைச் செருகிப் பார்த்தல் வேண்டும். அழகிய ஆடைமேல் செருக்குற்ற சிறுமி அதனை இழந்து, இரந்து திரிந்து, மீன் விற்று, படிப்படியாக நற்பண்பு எய்தி, எளிய உடையிற் கையில் நூலோடு தாயை அடைகிறாள். ஈண்டு உடை வெறும் ஒப்பனையாக நில்லாது கதையையே நடத்துகிறது. செருக்கின் பொருளும் அதன் தண்டனையும் மீட்சியும் உடைமாற்றத்தாலேயே உணர்த்தப்படுகின்றன. வடிவமும் பொருளும் இத்துணைப் பொருந்தி அமைதற்குக் காரணம், கதை இவ்வடிவத்திற்கென்றே இயற்றப்பட்டமையாகும். இது முதல்நூலே, வழிநூல் அன்று.

அடுத்த ஆண்டாகிய 1811இல் அப்பதிப்பகத்தாரே 'இளம் ஆல்பர்ட் என்னும் ரோசியஸ்' என்ற மற்றொரு நூலை வெளியிட்டனர். ஷேக்ஸ்பியர் முதலியோர் படைத்த பாத்திரங்களின் உடைகளை ஒரு சிறுவன் மாறிமாறி அணிவதாக இது அமைந்தது. ரோசியஸ் என்பது பண்டை உரோம நாட்டுப் புகழ்பெற்ற நடிகன் பெயர். அப்பெயரை அடையாகப் பெற்று 'இளம் ரோசியஸ்' எனப்பட்டவன் வில்லியம் ஹென்றி வெஸ்ட் பெட்டி என்னும் சிறுவன். 1791இல் பிறந்த அவன் 1803இல் பெல்பாஸ்ட் நகரில் தன் பதினோராம் வயதில் மேடையேறினான். 1804ஆம் ஆண்டு இறுதியில் இலண்டன் மாநகரை மயக்கினான். அவன் ஹாம்லெட்டாக நடித்ததைக் காணும்பொருட்டு நாடாளுமன்றமே ஒத்திவைக்கப்பட்டது என்பர். அந்நினைவு மங்குமுன் வெளிவந்தது இப்பாவை நூல்.

இங்கே ஒரு நுண்மையை நோக்குதல் வேண்டும். ஃபானியின் கதையில் தலை ஒன்றாயிருத்தல் ஒருத்தியின் வாழ்க்கை ஒருமையைக் காட்டிற்று. ஆல்பர்ட்டின் நூலில் அதே உத்தி நடிகனின் ஒருமையைக் காட்டுகிறது. பாத்திரங்களோ அவன்மேல் ஏறி இறங்கும் உடைகளாகின்றனர். துன்பியல் தலைவனுக்கும் நகைச்சுவைப் பாத்திரத்திற்கும் முகம் ஒன்றே. ஆகவே இந்நூல் தழுவியது ஷேக்ஸ்பியரின் நாடகத்தை அன்று. அந்நாடகத்தைச் சிறுவன் ஒருவன் நடித்த வியப்பையே எனல் பொருந்தும். உருவினைக் கொண்டு முடிபினை விட்ட தழுவலுக்கு இது தெளிவான சான்று.

3. தாளரங்கு

ஏறத்தாழ இதே காலத்தில் மற்றொரு வகை தோன்றியது. வில்லியம் வெஸ்ட் என்னும் இலண்டன் வணிகர் 1811 முதல் நாடகப் பாத்திரங்களைச் செப்புத் தகட்டில் செதுக்கித் தாள்களாக அச்சிட்டு விற்கலானார். வண்ணமில்லாத தாள் ஒரு பென்னி. வண்ணந்தீட்டியது இரண்டு பென்னி. சிறுவர் அவற்றை அட்டையில் ஒட்டி வெட்டி, கம்பியாலோ தகரத்தாலோ ஆகிய தாங்கியிற் பொருத்தி, சிறிய மர அரங்கின் பக்கவாயில்கள் வழியே உள்ளே செலுத்துவர்; சுருக்கிய நாடகச் சுவடியை நோக்கி உரையாடலை ஓதுவர். இளைஞர் நாடகம் எனப்பட்ட இவ்வரங்கின் வரலாற்றை ஜார்ஜ் ஸ்பெயிட் 1946இல் தனி நூலாக எழுதினார்.

தாளரங்கில் ஒரு பாத்திரத்திற்குப் பல உருவங்கள் உண்டு. நிற்றல், மண்டியிடல், வாளோச்சல், வீழ்தல் எனத் தலைவன் ஒருவனே பல தாள்களில் வருவான். உடை மாறாது, மெய்ப்பாடு மாறும். ஆல்பர்ட்டின் பாவையில் முகம் நிலைத்து உடை மாறியதற்கு இது நேர்மறையாகும். கதையின் ஓட்டத்தில் பாத்திரம் எய்தும் நிலைகளை வெவ்வேறாகப் பிரித்தறிந்து, எவ்வெந்நிலை இன்றியமையாதது எனத் தேர்தல் செதுக்குவோர் கடமையாயிற்று. நூல் முழுதும் விரிந்து கிடக்கும் செயலைச் சில நிலைகளிற் சுருக்குதலின், இதனைத் தொகுத்தல் என்னும் வழிநூல் வகையுள் அடக்கலாம்.

எனினும் தொகுக்கப்பட்டது யாது? தொடக்ககாலத் தாள்கள், கவெண்ட் கார்டன், துரூரி லேன் முதலிய அரங்குகளில் நடிக்கப்பெற்ற நாடகங்களின் நினைவுப் பொருளாகவே விற்கப்பட்டன. நடிகரின் உடையும் நிலையும் திரைச்சீலை ஓவியமும் அரங்கிற் கண்டவாறே வரையப்பட்டன. ஆதலின் அவற்றின் முதல்நூல் நூலாசிரியன் ஏடு அன்று, மேடையே ஆகும். மூன்றாம் ரிச்சர்டு நாடகத்தைக் கருதுவோம். அக்கால மேடையில் வழங்கியது 1700ஆம் ஆண்டளவில் காலி சிப்பர் திருத்திய வடிவம். மார்கரெட் அரசி, கிளாரன்ஸ் முதலிய பாத்திரங்களை அவர் நீக்கிவிட்டார். பழிச்சொல்லால் நாடகத்தின் அறத்தையே தாங்கிநிற்கும் மார்கரெட்டை அம்மேடை வழிவந்த தாளில் எதிர்பார்த்தற்கில்லை. பின்னாளிலும் இந்நிலை தொடர்ந்தது. 1948இல் லாரன்ஸ் ஒலிவியர் ஹாம்லெட்டைத் திரைப்படமாக்கியபோது, பொலாக் நிறுவனத்தார் அப்படத்தைத் தழுவித் தாளரங்கு ஒன்றை வெளியிட்டனர். அப்படத்தில் ரோசன்கிராண்ட்ஸ், கில்டன்ஸ்டர்ன், ஃபார்ட்டின்பிராஸ் ஆகியோர் இல்லை. வழிநூலுக்கு வழிநூல் செய்யுங்கால் முன்னவன் விட்டது பின்னவனுக்குக் கிட்டாது என்பது இவற்றாற் போதரும்.

4. டாப்சி

மேற்கண்டவற்றில் முடிபு குன்றினும் எவர்க்கும் தீங்கில்லை எனலாம். அவ்வாறு கூற இயலாத இடமும் உண்டு. ஹேரியட் பீச்சர் ஸ்டோ எழுதிய 'டாம் மாமாவின் குடில்' 1852இல் நூலாக வெளிவந்து, அடிமைமுறையின் கொடுமையை உலகறியச் செய்தது. அதில் வரும் டாப்சி, தன் பெற்றோர் இன்னார் என்றறியாத கருநிறச் சிறுமி, விலைக்கு வாங்கப்பட்டவள், அடியன்றி வேறு அறியாதவள். ஈவா என்னும் குழந்தையின் அன்பு அவள் உள்ளத்தைத் திறக்கிறது. அவளை வளர்க்கும் பொறுப்பை ஏற்ற ஒபிலியா, அவளுக்கு உரிமை தரும்பொருட்டே அவளைச் சட்டப்படி தன் உடைமையாக்கிக்கொள்கிறாள். ஒரு மனித உயிர் உடைமையாதலின் கொடுமையை இதனினும் கூர்மையாகக் காட்டல் அரிது.

நியூயார்க்கு நகரத்து மெக்லாக்லின் சகோதரர் 1860களில் டாப்சியைத் தாட்பாவையாக அச்சிட்டு விற்றனர். பாவை உண்டு, மாற்றுடை உண்டு. ஈவாவின் கண்ணீரும் ஒபிலியாவின் உறுதிப்பத்திரமும் தாளில் இடம்பெறா. நூலில் விலைக்கு விற்கப்பட்டவள் கடையிலும் விலைக்கு விற்கப்பட்டாள். இங்கு முடிபு குறைதலோடு நில்லாது தலைகீழாயிற்று. உடைமையாதலை எதிர்த்தெழுந்த நூலின் பாத்திரம், குழந்தையொருத்தி உடைமையாக்கிக்கொள்ளும் பொருளாயிற்று. நூலை முன்னரே வீட்டிற் படிக்கக் கேட்ட குழந்தை அம்முடிபினைத் தானே பாவைக்கு ஊட்டியிருத்தல் கூடும். படியாத குழந்தைக்கோ நகைப்பிற்குரிய ஓர் உருவமே எஞ்சும். தழுவலின் அறம் தழுவப்படும் நூலின் அறத்தோடு ஒட்டி அளக்கப்பட வேண்டும் என்பதற்கு இதுவே காரணம்.

5. தோற்பாவையோடு ஒப்புமை

நிலையுருவாகிய பாவை பேரிலக்கியத்தின் முடிபைத் தாங்கவே இயலாதோ என்னும் ஐயம் எழலாம். அதற்கு விடை தமிழ் இலக்கியத்தோடு நேரே தொடர்புடைய ஓர் அரங்கில் உளது. கேரளத்துப் பாலக்காட்டுப் பகுதியில் பகவதி கோயில்களை ஒட்டிய கூத்துமாடங்களில் நிகழும் தோற்பாவைக் கூத்து, கம்பராமாயணச் செய்யுட்களை அடிப்படையாகக் கொண்டது. அங்கும் இராமனுக்கு இருக்கும் நிலை, நிற்கும் நிலை, நடக்கும் நிலை, போர்புரியும் நிலை எனத் தனித்தனிப் பாவைகள் உண்டு. தாளரங்கும் தோலரங்கும் ஒன்றையொன்று அறியாமலே ஒரே முறையைக் கண்டமை வியப்பிற்குரியது.

வேறுபாடு சொல்லில் உளது. தாளரங்கின் சுவடி மிகச் சுருங்கியது. தோற்பாவைக் கூத்திலோ செய்யுளை ஓதி, அதற்கு உரைவிரித்து, இடையிடையே தடைவிடைகளும் கிளைக்கதைகளும் எழுப்பிப் புலவர் இரவு முழுதும் பேசுவர். உரு தொகுத்தலாக, உரை விரித்தலாக, இரண்டும் கூடித் தொகைவிரியாகின்றது. காண்போர் எவருமில்லாத இரவுகளிலும் அவ்வுரை குறைவின்றி நிகழ்வதை ஸ்டூவர்ட் பிளாக்பர்ன் 1996இல் வெளியிட்ட தம் ஆய்வுநூலில் விளக்கியுள்ளார். திருக்குறளின் 1020ஆம் பா, கயிற்றால் இயங்கி உயிருள்ளது போல மயக்கும் மரப்பாவையை உவமை கூறுகிறது. பாவைக்கு உயிர் புறத்திருந்தே வருகிறது. கூத்துமாடத்தில் அவ்வுயிர் புலவரின் உரை.

6. எஞ்சிய சான்றுகளின் இயல்பு

தாளரங்கிற்கு அவ்வுயிரை ஊட்டுவோர் யாவர்? ராபர்ட் லூயி ஸ்டீவன்ஸன் 1884இல் எழுதிய கட்டுரையொன்று இதற்கு விடை தருகிறது. எடின்பரோவிற் சிறுவனாயிருந்தபோது தாம் வாங்கிய தாள்களை நினைவுகூரும் அவர், தேர்ந்து வாங்குதலிலும் தம் கையால் வண்ணந்தீட்டுதலிலுமே பேரின்பம் இருந்ததென்றும், நடித்துக் காட்டுதல் விரைவிற் சலித்ததென்றும் கூறுகிறார். பிற்காலத்தில் தாம் உலகைக் கண்ட முறைக்கே அத்தாள்கள் வித்திட்டன என்பதும் அவர் கருத்து. வீரச்செயற் கதைகளால் புகழ்பெற்ற ஆசிரியர் ஒருவரின் வாக்குமூலம் இஃதாதலின், தாட்பாவை இலக்கியத்திலிருந்து பெற்றதனோடு இலக்கியத்திற்கு மீட்டும் அளித்தது என்பது பெறப்படும்.

இங்கு ஆய்வாளர் கருத வேண்டிய இடர்ப்பாடு ஒன்று உண்டு. வெட்டி, ஒட்டி, விளையாடிய தாள்கள் கிழிந்தழிந்தன. நூலகங்களிலும் காட்சியகங்களிலும் நன்னிலையில் எஞ்சியவற்றுட் பெரும்பாலன கத்தரி படாத தாள்கள். அவை அச்சிட்டோர் கருத்தைக் காட்டுமேயன்றிப் பயன்படுத்தியோர் உள்ளத்தைக் காட்டமாட்டா. ஆகவே கோணலாக வெட்டப்பட்ட ஓரமும், அச்சிட்டோர் எண்ணாத வண்ணமும், பின்புறம் எழுதிய பெயரும் குறைகள் ஆகா. ஏட்டுச்சுவடியின் ஓரத்துக் குறிப்பைப் போல அவையும் ஒருவன் நூலைக் கொண்டவாற்றைக் காட்டும் உரைகளே. தூய தாளை மட்டும் போற்றிக் கறைபட்ட தாளைக் கழிப்போமாயின், நாம் தேடும் சான்றையே இழந்தவராவோம்.

7. முடிபுரை

இதுகாறும் கூறியவற்றான் மூன்று கருத்துகள் விளங்கும். தாட்பாவை பேரிலக்கியத்தின் உருவை எளிதிற் கொள்ளினும் முடிபைத் தானே கொண்டுவருவதில்லை. அதன் முதல்நூல் பெரும்பாலும் ஏடாக இல்லாது, மேடையாகவோ நடிகனாகவோ திரைப்படமாகவோ அமைகிறது. விடுபட்ட முடிபை நிரப்புவது, கூத்துமாடத்தில் புலவரின் உரையும் வீட்டில் குழந்தை முன்னரே கேட்டறிந்த கதையுமாகும்.

பள்ளிச் சிறார்க்கென இன்று காப்பிய மாந்தரை வெட்டியொட்டும் படங்களாக ஆக்க முற்படுவோர்க்கும் இது பயன்படும். கண்ணகிக்கு உருவும் உடையும் தருதல் எளிது. கையில் ஒற்றைச் சிலம்போடு வழக்குரைக்க நிற்கும் நிலையை விடுத்து, மணக்கோலத்தை மட்டும் தந்தால், டாப்சிக்கு நேர்ந்ததே அவளுக்கும் நேரும். எந்நிலையைத் தேர்கிறோம், அதனோடு எச்சொல்லை உடன் அனுப்புகிறோம் என்னும் இரண்டிலேயே அத்தகைய தழுவல் வழிநூலாவதும் வெறும் தாளாவதும் அடங்கியுள்ளன.