வீட்டுக்காரர் ரொபர்ட்டோவின் கண்கள்

‘காட்ஃபாதர்’ இரண்டாம் பாகத்தைப் பார்த்தவர்கள் வீட்டுக்காரர் ரொபர்ட்டோவை மறந்திருக்க மாட்டார்கள். நாய் வளர்க்கிறாள் என்று ஒரு விதவையைக் காலி செய்யச் சொன்னவர். அவளுக்காகப் பரிந்து பேச வந்த விட்டோவைத் தெருவில் வைத்தே அதட்டியவர். அப்புறம்தான் அந்த இளைஞன் யாரென்று விசாரிக்கிறார். கையில் தொப்பியோடு ஆலிவ் எண்ணெய்க் கடைக்கு ஓடி வருகிறார். வாடகை பழையபடியே இருக்கட்டும் என்கிறார். விட்டோவிடமிருந்து பதில் இல்லை. ஐந்து டாலர் குறைக்கிறேன் என்கிறார், அதற்கும் அசைவில்லை. பத்து! விட்டால் போதும் என்று கிளம்பினால், கடைக் கதவு திறக்க மாட்டேன் என்கிறது. பிடியோடு மல்லாடும் அந்தச் சில விநாடிகளில், விட்டோவாக எதிரே உட்கார்ந்திருப்பவர் ராபர்ட் டி நீரோ என்பதே நமக்கு மறந்துபோகிறது.

ரொபர்ட்டோவாக வந்தவர் லியோபோல்டோ திரியேஸ்தே. 1917இல் இத்தாலியத் தீபகற்பத்தின் தென்கோடி நகரமான ரெஜ்ஜோ கலாப்ரியாவில் பிறந்தவர். நடிகராக வேண்டும் என்று புறப்பட்டவர் அல்ல. இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு நாடகாசிரியராகப் பெயர் எடுத்தவர். அவருடைய உருண்டைக் கண்களைப் பார்த்துவிட்டு விடாமல் பிடித்துக்கொண்டவர் இயக்குநர் ஃபெலினி.

1952இல் வந்த ஃபெலினியின் ‘தி ஒயிட் ஷேக்’ படத்தில் அவர் புதுமாப்பிள்ளை. தேனிலவுக்கு ரோமுக்கு வந்த இடத்தில், படக்கதைப் பத்திரிகையின் நாயகனைத் தேடி மனைவி போய்விடுகிறாள். அவளுக்கு உடம்பு சரியில்லை என்று உறவினர்களிடம் பொய் சொல்லிச் சொல்லி மாய்கிறார் மனிதர். நள்ளிரவில், ஆளில்லாத சதுக்கத்தில் உட்கார்ந்து அழுகிறார். அந்த வழியாக வரும் தெருப்பெண்களிடம் மனைவியின் புகைப்படங்களை எடுத்துக் காட்டுகிறார். பார்க்கிற நமக்குச் சிரிப்பு வருகிறது. சிரிக்கக் கூடாது என்றும் தோன்றுகிறது. அந்தப் பெண்களில் ஒருத்திதான் ஜூலியெட்டா மசினாவின் கபிரியா. ஐந்து வருடம் கழித்து ஃபெலினி அவளுக்கென்றே தனிப் படம் எடுத்தார்.

அடுத்த ஆண்டு ‘ஐ வித்தெல்லோனி’. ஊரை விட்டு நகராத ஐந்து வாலிபர்களில் ஒருவன், நாடகம் எழுதிக் கனவு காண்கிறவன். பெயரும் லியோபோல்டோதான். இதற்கு மேல் அவரை யார் எழுத விடுவார்கள்? இடையில் இரண்டு படங்களை இயக்கிப் பார்த்தார். ஆனால் நடிப்பு அவரை விடவில்லை.

பியெத்ரோ ஜெர்மியின் ‘செட்யூஸ்டு அண்ட் அபாண்டன்டு’ படத்தில் பல்லில்லாத, நொடித்துப்போன பிரபு. சாகத் துணிகிற அளவுக்கு வறுமை. ஆனாலும் பட்டத்தின் மிடுக்கை விட மனமில்லை. அந்த வேடத்துக்கு ‘நாஸ்த்ரோ தார்ஜெந்தோ’ விருது கிடைத்தது. வெனிஸில் நடக்கும் ‘டோன்ட் லுக் நவ்’ படத்தில் விடுதி மேலாளர், ‘தி நேம் ஆஃப் தி ரோஸ்’ படத்தில் துறவி, 1985இல் தொலைக்காட்சித் தொடராக வந்த ‘குவோ வாதிஸ்’ என்று அரை நூற்றாண்டு ஓடியது.

இந்த மனிதர்களை அடுத்தடுத்துப் பார்க்கும்போது எனக்குப் படுவது ஒன்றுதான். திரியேஸ்தே பயத்தை நடித்தவர். மானம் போய்விடுமே, சோறு போய்விடுமே, உயிர் போய்விடுமே என்று உள்ளுக்குள் உதறுகிற சாதாரண மனிதர்களை, கோமாளி ஆக்காமல் நம் முன்னால் நிறுத்தினார். கதாநாயகனின் வீரத்தைவிட இது கடினம் என்றே நினைக்கிறேன்.

‘சினிமா பாரடைசோ’வின் பாதிரியார் அடெல்ஃபியோவும் அப்படித்தான். காலியான கொட்டகையில் தனியாக உட்கார்ந்து, திரையில் உதடுகள் நெருங்கும்போதெல்லாம் மணியை ஆட்டுகிறார். ஆபரேட்டர் ஆல்ஃபிரடோ அந்த இடத்தில் ஒரு காகிதத் துண்டைச் செருகி வைக்கிறான், பிறகு வெட்டுவதற்கு. மணியை ஆட்டும்போது கண்டிப்பான கிழவரைக் காட்டியிருந்தால் போதும். திரியேஸ்தே திடுக்கிட்டுப்போன ஒரு சிறுவனையும் சேர்த்துக் காட்டுகிறார்.

அந்தப் படத்தின் இயக்குநர் தொர்னத்தோரே, 1995இல் ‘தி ஸ்டார் மேக்கர்’ படத்தில் அவரை வாய் பேசாதவராக நடிக்க வைத்தார். வசனம் எழுத வந்தவருக்கு எழுபத்தெட்டு வயதில் அமைந்த பேசாத வேடம். ‘டேவிட் டி டொனடெல்லோ’ விருது அதற்குக் கிடைத்தது. 2003 ஜனவரியில் ரோமில் அவர் காலமானார்.