காமிரா காணாத செங்கோட்டைக்காரர்

குற்றாலத்துச் சாரலை நாடி ஆனி, ஆடியில் வந்து குவியும் ஜனங்களில், அருகிலேயே மலையடிவாரத்தில் இருக்கும் செங்கோட்டைக்கும் தமிழ் சினிமாவுக்கும் உள்ள பாத்தியதையை அறிந்தவர்கள் சொற்பமே. மலையைக் குடைந்து புனலூர் ரயில் ஓடத் தொடங்கிய 1904-க்கு இரண்டு வருஷம் கழித்து, அப்போது திருவிதாங்கூர் ராஜ்யத்தில் அடங்கியிருந்த அவ்வூரில் கங்காதர ஐயரின் புதல்வராகப் பிறந்து, ஊரையும் தகப்பனாரையும் இரண்டு எழுத்துகளாகத் தம் பெயருக்கு முன்னால் தாங்கி நின்றவர் எஸ்.ஜி. கிட்டப்பா.

தமிழ்ப் பேசும் படத்தின் முதல் நட்சத்திரம் 1931-ல் 'காளிதாஸ்' படத்தில் தோன்றிய டி.பி. ராஜலக்ஷ்மி என்பதில் ஆக்ஷேபமில்லை. ஆயினும், காமிராவுக்கு முன் ஒரு நாளும் நடித்திராத கிட்டப்பாவை ஒதுக்கிவிட்டு அந்தச் சரித்திரத்தைச் சொல்ல முடியாது என்பது என் கட்சி.

ஒலிபெருக்கி இல்லாத நாடகக் கொட்டகையில், கடைசி வரிசைத் தரை டிக்கெட்காரனுக்கும் வார்த்தை பிசகாமல் கேட்கும்படி, தமையனார் காசி ஐயரின் ஹார்மோனியம் பின்தொடர உச்ச ஸ்தாயியில் நின்று பாடிய அந்தச் சாரீரத்தில் மயங்கிய ஜனங்கள்தாம், பிற்பாடு சினிமாக் கொட்டகைக்குள் நுழைந்தபோதும் நடிப்பை இரண்டாம் பட்சமாக வைத்துப் பாட்டையே கேட்டார்கள். நாடக மேடையிலிருந்து வந்த தியாகராஜ பாகவதரின் முதற்படமான 'பவளக்கொடி'யில் (1934) ஐம்பது பாட்டுகள் இருந்ததற்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை.

இசைத்தட்டில் அவரைக் கேட்கும்போதெல்லாம் எனக்குச் சிறிது வருத்தம் உண்டாகிறது. ஊசியின் கரகரப்பு ஓய்ந்து, குரல் மேலே ஏறி, இனிமேல்தான் விஸ்தாரம் என்று நாம் நிமிர்ந்து உட்காரும் சமயத்தில், மூன்று நிமிஷத்துக்கு மேல் இடமில்லாத தட்டு முடிந்துவிடுகிறது. அவருடைய ஆயுளும் அப்படித்தான் முடிந்தது: 1933 டிசம்பர் 2-ந் தேதி, 28-ஆவது வயதில்.

1926-ல் இலங்கையில் அவரோடு மேடையேறி, மறு வருஷமே அவரை மணந்த கொடுமுடி கே.பி. சுந்தராம்பாள், கணவர் மறைந்த அன்றுமுதல் வெள்ளைப் புடைவை தரித்து, எந்த ஆடவருக்கும் ஜோடியாக நடிப்பதில்லை என்று விரதம் பூண்டார். படம் எடுக்க வந்தவர்களைத் தட்டிக்கழிக்கவே அவர் லட்ச ரூபாய் கேட்டதாகவும், அவர்கள் சம்மதித்துவிட்டதாகவும் சொல்வதுண்டு. லட்ச ரூபாய் வாங்கியது மெய். 1935-ல் வெளிவந்த அந்த 'பக்த நந்தனா'ரில் அவர் ஏற்றது நந்தனார் வேஷம், அதாவது ஆண் வேஷம். ஆகவே விரதத்துக்குப் பங்கமில்லை. படத்தில் பனைமரமும் எருமையும் நன்றாக நடித்திருப்பதாகக் கல்கி கேலி செய்தார். கேலியில் நியாயம் இருக்கலாம். ஆனால் ஜனங்கள் போனது குரலுக்காக.

அடுத்த சாரலுக்குக் குற்றாலம் போகிறவர்கள், புறப்படுமுன் கிட்டப்பாவின் பாட்டு ஒன்றையாவது கேட்டுவிட்டுப் போங்கள். பார்ப்பதற்கு ஓர் அடி பிலிம்கூடக் கிடையாது. கேட்பதற்குத் தட்டுகள் இருக்கின்றன.