உங்களுக்குத் தெரியுமா? சுவரில் ஒட்டிக்கொண்ட தொகுப்பாளர்

அமெரிக்காவின் என்பிசி தொலைக்காட்சியில் 1982 பிப்ரவரி 1 அன்று தொடங்கியது டேவிட் லெட்டர்மேனின் ‘லேட் நைட்’. நள்ளிரவு பன்னிரண்டரை மணி நிகழ்ச்சி. அதற்கு முன்னால் ஒளிபரப்பாகும் ஜானி கார்சனின் நிகழ்ச்சியைப் போல இது இருக்கக் கூடாது என்பது ஆரம்பத்திலேயே போட்ட நிபந்தனை. கோமாளித்தனத்துக்குக் கதவு திறந்ததே அந்தக் கட்டுப்பாடுதான் என்பேன்.

செருப்பு வாரில் இருக்குமே வெல்க்ரோ, அதையே உடம்பு முழுக்க உடையாகப் போட்டுக்கொண்டு 1984இல் ட்ராம்போலினில் எம்பிக் குதித்தார் லெட்டர்மேன். எதிர்ச் சுவரில் பல்லி மாதிரி அப்படியே ஒட்டிக்கொண்டார்! அதே ஆண்டு, தண்ணீரில் நுரைக்கும் அல்கா-செல்ட்சர் மாத்திரைகள் பதித்த உடையோடு தண்ணீர்த் தொட்டியில் இறங்கினார். தொட்டியே நுரைத்துப் பொங்கியது. இந்த வகை விளையாட்டில் அவருக்கு முன்னோடி தொலைக்காட்சித் தொகுப்பாளர் ஸ்டீவ் ஆலன். தேயிலைப் பைகளை உடையெங்கும் தொங்கவிட்டுக்கொண்டு தண்ணீரில் முங்கி எழுந்தவர் அவர்.

எல்லாவற்றிலும் துணிச்சலானது 1986இல் வந்த ஒரு நிகழ்ச்சி. ஒரு மணி நேரமும் திரையில் படம் மெல்ல மெல்லச் சுழன்றது. பாதியில் விருந்தினர்கள் தலைகீழாகத் தொங்கியபடி பேசுவதுபோலத் தெரிந்தார்கள், முடியும்போது படம் நேராகிவிட்டது. குரங்கின் முதுகில் கேமராவைக் கட்டி அரங்கில் ஓடவிட்டதும் ‘லேட் நைட்’டில்தான்.