பூச்சி மருந்து என்றால் எது?

"அண்ணே, பூச்சி மருந்து கொஞ்சம் இருக்கா?" பாலோ பக்கத் தோட்டமொன்றில் ஒரு தோழர் கேட்டார். எதுக்கு என்றேன். ஆட்டுக்காம்! நல்லவேளை, விசாரித்தேன்.

செம்பனைக்கு அடிப்பதும் நம் வாயில் பூச்சி மருந்து. பிள்ளைக்குக் கொடுப்பதும் பூச்சி மருந்து. ஆட்டுக்குப் போடுவதும் அதேதான். பெயர் ஒன்று, மருந்து வேறு. கைமாறினால் உயிர் போகும்.

ஆடுமாட்டுக்குப் போடும் ஐவர்மெக்டினைப் பாருங்கள். ஜப்பான் மண்ணில் கிடைத்த நுண்ணுயிரிலிருந்து வந்தது. அந்த வேலைக்காக ஓமுராவுக்கும் கேம்பலுக்கும் 2015இல் நோபல் பரிசில் பங்கு கிடைத்தது. ஐவர்மெக்டின் மருந்தின் பெயர். ஐவோமெக் கம்பெனி வைத்த பெயர். கம்பெனிக்குக் கம்பெனி பெயர் மாறும், உள்ளே சரக்கு ஒன்றே.

கோவிட் காலத்தில் அமெரிக்காவில் மாட்டு மருந்தையே விழுங்கியவர்கள் உண்டு. நம் அரசாங்க ஆஸ்பத்திரிகளில் 2021இல் 490 நோயாளிகளிடம் இம்மருந்தைச் சோதித்தார்கள். நோய் முற்றுவதை அது தடுக்கவில்லை.

தோழர்களே, மாட்டு மருந்து மனிதனுக்கு ஆகாது. மருந்து போட்ட ஆட்டை, லேபிளில் சொன்ன நாள் கழியுமுன் அறுக்காதீர்கள். எந்த மருந்தையும் சோடா போத்தலில் ஊற்றி வைக்காதீர்கள். லேபிள் புரியாவிட்டால் பள்ளிப் பிள்ளையை விட்டுப் படிக்கச் சொல்லுங்கள். கடையில் பேரைச் சொல்லிக் கேளுங்கள், அதில் வெட்கமில்லை!