உங்களுக்குத் தெரியுமா? எழுத்தாளர், இயக்குநர், நடிகர் மகேந்திரன்

இளையான்குடியில் 1939இல் பிறந்த ஜோசப் அலெக்சாண்டர்தான் தமிழ்த் திரையுலகின் மகேந்திரன். ‘தங்கப்பதக்கம்’ (1974) உள்ளிட்ட படங்களுக்குக் கதை, வசனம் எழுதிய அவர், 1978இல் ‘முள்ளும் மலரும்’ மூலம் இயக்குநரானார். அதில் ரஜினிகாந்த் ஏற்ற காளி, விஞ்ச் எனும் இழுவை இயந்திரத்தை இயக்குபவன். ஒரு கையை இழந்த பின்னும் வீம்பை விடாதவன். அப்படத்தின் ஒளிப்பதிவாளர், இலங்கையின் மட்டக்களப்பில் பிறந்த பாலு மகேந்திரா. மகேந்திரன் இயக்கிய ‘உதிரிப்பூக்கள்’ (1979) புதுமைப்பித்தனின் ‘சிற்றன்னை’யைத் தழுவியது. அவரது ‘நெஞ்சத்தைக் கிள்ளாதே’ (1980) மூன்று தேசிய விருதுகளைப் பெற்றது. இலங்கையின் வன்னியில் படமாக்கப்பட்ட ‘ஆணிவேர்’ (2006), மகேந்திரனின் மகன் ஜான் மகேந்திரன் இயக்கியது. முதுமையில் ‘தெறி’ (2016), ‘பேட்ட’ (2019) படங்களில் நடித்த மகேந்திரன், 2019 ஏப்ரல் 2 அன்று சென்னையில் காலமானார்.