கடலில்லாச் சீமையில் ஒரு கரை உலா

கப்பலில் உலகைச் சுற்றி வரும் பிரயாணிகளிடையே ஒரு வழக்கம் உண்டு. கப்பல் காலையில் ஒரு துறைமுகத்தில் நங்கூரமிடும். பிரயாணிகள் கரையிறங்கி, காட்சி வளம் மிக்க சாலை வழியே வண்டியில் செல்வர். ஊரின் கோயில்களையும் கோட்டைகளையும் காண்பர். அருகே சரணாலயம் இருப்பின் விலங்குகளையும் பறவைகளையும் கண்டு, மாலைக்குள் கப்பலுக்குத் திரும்பிவிடுவர். இதனைக் 'கரை உலா' என்று அழைக்கலாம். இலங்கையின் அம்பாந்தோட்டைத் துறைமுகத்தில் இறங்குவோர் யால வனத்தைக் காணச் செல்கின்றனர். சென்னையில் இறங்குவோர் மாமல்லபுரத்தையும் காஞ்சிபுரத்தையும் கண்டு திரும்புகின்றனர்.

பெரம்பலூர், அரியலூர் மாவட்டங்களுக்குக் கடற்கரை இல்லை. கப்பலும் இங்கு வாராது. ஆயினும் கரை உலாவுக்கு வேண்டிய மூன்று அம்சங்களும், அதாவது எழில் மிக்க சாலை, புராதன நகரம், வனவுயிர் ஆகியவை, இவ்விரு மாவட்டங்களிலும் அடுத்தடுத்து அமைந்துள்ளன. இவற்றை ஒன்றாகக் கோத்து ஓர் உலாத் திட்டம் வகுப்பது எப்படி, அதனால் வழியிலுள்ள கிராமங்கள் பயன்பெறுவது எப்படி என்பதை இக்கட்டுரையில் விளக்க விரும்புகிறோம்.

கடல் இருந்த இடம்

பழைய திருச்சிராப்பள்ளி மாவட்டத்தினின்று 1995ஆம் ஆண்டு பெரம்பலூர் மாவட்டம் பிரிந்தது. அதனின்று 2001இல் பிரிந்து, மறு ஆண்டே மீண்டும் இணைந்த அரியலூர், 2007இல் இறுதியாகத் தனி மாவட்டமாயிற்று. மாவட்ட எல்லைகள் இவ்வாறு மாறியது அண்மைக் காலத்தில். இம்மண்ணின் எல்லையோ இதனினும் பெரிய மாறுதலைக் கண்டது. கிரிடேசியஸ் எனப்படும் காலத்தில், அதாவது இன்றைக்கு 14½ கோடி ஆண்டுகளுக்கும் 6½ கோடி ஆண்டுகளுக்கும் இடைப்பட்ட யுகத்தில், இப்பகுதியின் பெரும்பகுதி கடலுக்கு அடியில் இருந்தது. அண்டார்க்டிகா முதலிய தென் நிலப்பகுதிகளினின்று இந்தியா விலகிய காலம் அது. விலகிய விளிம்பில் கடல் புகுந்தது; பின்னர்ப் படிப்படியாகப் பின்வாங்கியது.

அக்கடலின் சாட்சிகள் இன்றும் நிலத்தில் கிடக்கின்றன. பெரம்பலூர் மாவட்டத்துக் காரை, குளக்கல்நத்தம் பகுதிகளில் மழைநீர் அரித்த செம்மண், மஞ்சள் மண் மேடுகளும் பள்ளங்களும் வேறோர் உலகம்போல் காட்சியளிக்கும். அவற்றிடையே துப்பாக்கித் தோட்டா வடிவிலான பெலம்னைட்டுகளும், ஆட்டுக்கடாவின் கொம்புபோல் சுருண்ட அம்மோனைட்டுகளும் காணப்படுகின்றன. அம்மோனைட்டு என்பது கணவாய் மீனுக்கு உறவான, ஓடுடைய கடற்பிராணி. 6½ கோடி ஆண்டுகளுக்கு முன் அவ்வினம் அடியோடு அழிந்தது. நம் இல்லங்களில் பூசிக்கப்பெறும் கண்டகி நதியின் சாளக்கிராமமும் இத்தகைய பிராணியின் படிவமே என்றால், நம் மக்களுக்கு இதனை எளிதில் விளங்கவைக்கலாம்.

இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையைச் சேர்ந்த பிளான்ஃபோர்டு என்பார் 1860களில் இப்பாறைகளை ஊட்டத்தூர், திருச்சிராப்பள்ளி, அரியலூர் என மூன்று தொகுதிகளாக வகுத்தார். அன்று முதல் நம் ஊர்ப் பெயர்கள் உலகப் புவியியல் நூல்களில் இடம்பெற்று வருகின்றன. சாத்தனூரிலுள்ள கல்மரத்தை 1940ஆம் ஆண்டு எம்.எஸ். கிருஷ்ணன் கண்டறிந்தார். பின்னாளில் புவியியல் ஆய்வுத் துறையின் முதல் இந்திய இயக்குநராக விளங்கியவர் அவர். ஆற்று வெள்ளத்தில் கடலுக்கு அடித்து வரப்பட்ட மரம் வண்டலில் புதைந்து, மண்ணிலூறிய நீரிலிருந்த மணற்சத்து அதன் நார்களில் சிறுகச் சிறுகப் புகுந்து கல்லாக மாறியது. சுமார் 18 மீட்டர் நீளமுள்ள இம்மரம் தேசியப் புவியியல் நினைவுச் சின்னமாகப் பாதுகாக்கப்படுகிறது. அரியலூரின் சிமெண்டு ஆலைகளுக்கு ஆதாரமான சுண்ணாம்புக் கல்லும் அப்பழங்கடல் விட்டுச்சென்ற செல்வமேயாகும். அரியலூரை அடுத்த வாரணவாசியிலுள்ள புதைபடிவ அருங்காட்சியகத்தில் இவை யாவற்றையும் ஒருங்கே காணலாம்.

பறவைகளின் ஏரி

அரியலூர் மாவட்டத்தின் தென்பகுதியிலுள்ள கரைவெட்டி ஏரி சுமார் 454 ஹெக்டேர் பரப்புடையது. 1999இல் பறவைகள் சரணாலயமாக அறிவிக்கப்பட்டது. சர்வதேச முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களைக் காக்க 1971இல் ஈரான் நாட்டு ராம்சார் நகரில் ஓர் உடன்படிக்கை ஏற்பட்டதன்றோ? அதன் பட்டியலில் கரைவெட்டியும் இடம்பெற்ற செய்தி 2024 ஜனவரியில் வெளியாயிற்று.

மேட்டூர் அணையின் நீர் காவிரி வழியாகவும் புள்ளம்பாடி வாய்க்கால் வழியாகவும் இவ்வேரியை அடைகிறது. அந்நீரைக் கொண்டே சுற்றுக் கிராமத்தார் நெல்லும் கரும்பும் பயிரிடுகின்றனர். ஐப்பசி முதல் மாசி வரை நாரை, கூழைக்கடா, நீர்க்காகம், உள்ளான், பல்வகை வாத்துகள் எனப் பறவைகள் பெருந்திரளாக வந்து கூடும். மத்திய ஆசியப் பீடபூமிகளில் குஞ்சு பொரிக்கும் வரித்தலை வாத்து, இமயமலையையே கடந்து இவ்வேரிக்கு வருகிறது. உழவனின் பாசன ஏரியே பறவையின் குளிர்கால இல்லமாகவும் இருப்பது இவ்விடத்தின் சிறப்பு. ஆகவே கரையைச் செம்மையாக வைத்திருப்பதும், வரத்து வாய்க்காலைத் தூர்வாருவதும் பயிருக்கும் பறவைக்கும் ஒருசேரச் செய்யும் தொண்டாகும்.

சோழர் தலைநகர்

கரை உலாவில் நகரக் காட்சி என்பது நம் மாவட்டத்தில் கங்கைகொண்ட சோழபுரமாகும். கங்கை வரை சென்ற வெற்றியின் நினைவாக முதலாம் இராசேந்திரன் அமைத்த இந்நகர், 1279இல் சோழராட்சி முடியும் வரை சுமார் 250 ஆண்டுக் காலம் பேரரசின் தலைநகராக விளங்கியது. தஞ்சைப் பெரிய கோயிலின் விமானம் நேர்கோட்டில் உயர, இக்கோயிலின் விமானமோ உட்குழிந்த வளைவுடன் ஏறத்தாழ 53 மீட்டர் எழுகிறது. சண்டேசருக்குச் சிவபெருமான் மலர்மாலை சூட்டும் சிற்பம் ஒன்றைக் காண்பதற்காகவே இங்கு வருவோர் உண்டு. 2004இல் இக்கோயில் உலகப் பாரம்பரியச் சின்னங்களில் சேர்ந்தது. அருகே மாளிகைமேட்டில் தொல்லியல் துறையின் அகழாய்வால் அரண்மனையின் செங்கல் அடித்தளம் வெளிப்பட்டுள்ளது.

இராசேந்திரன் வெட்டிய சோழகங்கம் என்னும் பேரேரி இன்று பொன்னேரி எனப்படுகிறது. வெற்றித்தூணைக் கல்லால் நாட்டாமல் நீரால் அமைத்தான் என்று திருவாலங்காட்டுச் செப்பேடு இதனைப் போற்றுகிறது. வேறொரு செய்தியும் நாம் அறியத் தக்கது. 1836இல் கொள்ளிடத்தின் குறுக்கே கீழணை கட்டப்பட்டபோது, இக்கோயிலின் திருமதில் இடிக்கப்பட்டு அதன் கற்கள் அணைக்குக் கொண்டு செல்லப்பட்டன. அணையால் விளைந்த நன்மை பெரிது. ஆயினும் போன மதில் திரும்பவில்லை. ஓர் அபிவிருத்திப் பணியை மேற்கொள்ளும்போது, அழிந்தால் மீளாத பொருள் எதுவென்று முதலில் கேட்டறிய வேண்டும் என்னும் பாடத்தை அக்கற்கள் நமக்குச் சொல்கின்றன.

இரண்டு நாள் அட்டவணை

கப்பல் பிரயாணிக்கு ஒரு பகல் மட்டுமே உண்டு. நம் உலாவுக்கு அத்தகைய அவசரம் இல்லை. இரண்டு நாள் திட்டமே நமக்கு ஏற்றது. காரணத்தைப் பின்னர்க் கூறுவோம்.

முதல் நாள் காலை, சென்னை - திருச்சி நெடுஞ்சாலையில் பெரம்பலூருக்கு வடக்கேயுள்ள ரஞ்சன்குடிக் கோட்டையைக் காணலாம். 1751இல் ஆங்கிலேயர் ஒரு தரப்பிலும் பிரெஞ்சுக்காரர் மறு தரப்பிலும் துணை நிற்க, ஆர்க்காட்டு நவாப் பதவிக்குப் போட்டியிட்ட முகம்மது அலியும் சந்தா சாகிபும் இவ்வட்டாரத்தில் மோதினர். வாலிகண்டபுரத்து வாலீசுவரர் கோயில் அண்மையில் உள்ளது. பெரம்பலூரைக் கடந்து தெற்கே சென்றால் சிறுவாச்சூர் மதுரகாளியம்மன் கோயில். திங்களும் வெள்ளியும் மட்டுமே நடை திறக்கும் கோயிலாதலின் நாளறிந்து செல்ல வேண்டும். வெயில் தாழ்ந்த பின் காரையும் சாத்தனூரும் காண்பது நலம். வழியெங்கும் கரிசல் நிலத்தில் பருத்தியும் மக்காச்சோளமும், வயலோரங்களில் சின்ன வெங்காயப் பட்டறைகளும் கண்ணுக்கு விருந்தாகும். இரவு அரியலூரில் தங்கலாம்.

இரண்டாம் நாள் பொழுது புலருமுன் கரைவெட்டியை அடைய வேண்டும். ஏறுவெயிலில் பறவைகள் இரை தேடிப் பிரிந்துவிடும். பின்னர்ப் பழுவேட்டரையர் ஆண்ட பழுவூர்க் கோயில்களையும், வாரணவாசி அருங்காட்சியகத்தையும் கண்டு, முந்திரித் தோப்புகள் நிறைந்த ஜெயங்கொண்டம் சாலை வழியே கங்கைகொண்ட சோழபுரம் சேரலாம். மாலை வெயிலில் அவ்விமானம் பொன்னிறம் பெறும் காட்சியுடன் உலா முடிவுறும். நேரம் மிகுந்தோர் கொள்ளிடக் கரையிலுள்ள திருமழபாடியையும், வீரமாமுனிவர் தொண்டாற்றிய ஏலாக்குறிச்சியையும் சேர்த்துக்கொள்ளலாம். அரியலூர்ச் சாலைகளில் சிமெண்டு ஆலை லாரிகள் மிகுதி. ஓட்டுநர்கள் எச்சரிக்கையாயிருத்தல் அவசியம்.

கிராமத்துக்கு என்ன மிஞ்சும்?

இங்கேதான் அபிவிருத்திப் பணியாளராகிய நாம் கவனமாகக் கணக்கிட வேண்டும். கப்பலில் உண்டு, கப்பலில் உறங்கும் பிரயாணி கரையில் செலவிடுவது சொற்பம். அவ்வாறே திருச்சியிலோ தஞ்சையிலோ தங்கி, கட்டுச்சோற்றுடன் காரில் வந்து போகிறவரால் நம் கிராமத்துக்குப் புழுதியும் காகிதத் தட்டும்தான் மிஞ்சும். ஓரிரவு தங்கினால் இரண்டு வேளை உணவும், படுக்கையும், வழிகாட்டியும் உள்ளூரில் வேண்டியிருக்கும். இரண்டு நாள் திட்டத்தை நாம் வற்புறுத்துவது இதனால்தான்.

ஓர் உதாரணம் பார்ப்போம். பறவைகள் வரும் காலத்தில் 16 வாரம், வாரத்துக்கு இரண்டு வண்டிகள், வண்டிக்கு 40 பேர் வருவதாக வைத்துக்கொள்வோம். 12 பெண்கள் கொண்ட ஒரு சுய உதவிக் குழு, தலைக்கு ரூ.120 வீதம் மதிய உணவு அளித்தால் வரவு ரூ.1,53,600. பாதி, பொருட்செலவுக்குப் போகும். எஞ்சியதைப் பகிர்ந்தால் ஒருவருக்கு ரூ.6,400. இது விவசாயத்துக்கு ஈடாகாது. கடன் வாங்கி விடுதி கட்டவும் போதாது. ஆனால் பள்ளிச் செலவுக்கோ, ஓர் ஆடு வாங்குவதற்கோ உதவும். இவ்வளவே எதிர்பார்த்து, உள்ள கட்டடத்தில், உள்ள பாத்திரத்தைக் கொண்டு தொடங்குவதே விவேகம். கம்பங்கூழும் வரகுச் சோறும் வெங்காயத் துவையலும் நகரத்தாருக்குப் புதுமை விருந்து. 2020இல் புவிசார் குறியீடு பெற்ற அரும்பாவூர் மரச்சிற்பங்களும், ஜெயங்கொண்டம் பகுதி முந்திரியும் விற்பனைக்கு ஏற்றவை.

பணம் செலவழியாமல் ஊராட்சிகள் செய்யக்கூடியவையும் உள. தூய்மையான கழிப்பறை, குடிநீர், கிளைச் சாலைகளில் தமிழில் வழிகாட்டிப் பலகை, நிழல் தரும் ஓரிடம் என்னும் இந்நான்கும் முறையாக இருந்தாலே வண்டி நிற்கும். பள்ளியிறுதி முடித்த இளைஞர் சிலர் பறவைகளின் பெயர்களையும் பாறைகளின் கதையையும் கற்றுக்கொண்டால் வழிகாட்டிகளாகலாம்.

செய்யத் தகாதவை

காரையிலும் சாத்தனூர்ப் பக்கத்திலும் படிவங்களைப் பொறுக்கி விற்கச் சிறுவர்கள் ஆசைப்படலாம். வருவோரும் விலை கேட்கலாம். கொடுக்கலாகாது. எந்த அடுக்கில் கிடந்தது என்பது தெரிந்தால்தான் அம்மோனைட்டு அறிவியலுக்குப் பயன்படும். பெயர்த்தெடுத்தால் அது வெறும் அலங்காரக் கல். ஆண்டுக்கு ஒரு வண்டிக் கல் போனாலும், நம் பேரன்மார் காலத்தில் காரையில் காட்டுவதற்கு வெறும் மண்மேடே இருக்கும். அதன்பின் வண்டியும் வாராது. கரைவெட்டியில் ஒலிபெருக்கியும் வெடியும் ஆகா. சிவகங்கை மாவட்டத்து வேட்டங்குடிச் சரணாலயத்தை அடுத்த கிராமத்தார் பறவைகளுக்காகத் தீபாவளிக்கும் பட்டாசு வெடிப்பதில்லை. அவர்களை நாம் முன்மாதிரியாகக் கொள்ளலாம்.

ஆண்டுக்கு ஆறு நாள் கிராம சபை கூடுகிறது. வரும் கூட்டத்தில், உலா வழியிலுள்ள ஒவ்வோர் ஊரும் இரண்டு தீர்மானங்களை நிறைவேற்றலாம். நம் ஊர்ப் படிவக் கல்லை எடுக்கவோ விற்கவோ விடமாட்டோம் என்பது ஒன்று. வருவோர்க்கு உணவும் நீரும் நிழலும் அளிக்கும் பொறுப்பை நம் ஊர்க் குழுக்களே ஏற்கும் என்பது மற்றொன்று. முதல் தீர்மானமின்றி இரண்டாவது நெடுநாள் நிலையாது. கடல் விட்டுச்சென்றதையும், சோழர் விட்டுச்சென்றதையும், ஆண்டுதோறும் பறவைகள் நம்பி வரும் நீரையும் காத்து நிற்கும் கிராமத்துக்கே இவ்வுலாவின் பயன் உரியது.